நடித்த பணம் கைக்கு வரும் வழி: பிரித்தானியத் தொடர்களில் ஒரு துணை நடிகையின் அனுபவம்

லண்டனில் வசிக்கும் நான், பிரித்தானியத் தொலைக்காட்சித் தொடர்களில் துணைப் பாத்திரங்களில் நடிப்பதையே பத்து ஆண்டுகளுக்கு மேலாகத் தொழிலாகக் கொண்டிருக்கிறேன். மருத்துவமனைத் தொடரில் மருந்தாளர், துப்பறியும் தொடரில் காணாமல் போன பையனின் தாய், நீதிமன்றக் காட்சியில் மொழிபெயர்ப்பாளர் என்று எனக்குக் கிடைத்த பாத்திரங்கள் பெரும்பாலும் ஓரிரு அத்தியாயங்களில் முடிந்துவிடுபவை. 2024 ஆம் ஆண்டின் தொடக்கத்தில் என் முகவர் நிறுவனம் கடனில் மூழ்கி மூடப்பட்டது. அப்போது, நான் நடித்து முடித்திருந்த வேலைகளுக்காகத் தயாரிப்பு நிறுவனங்கள் செலுத்திவிட்டிருந்த பணத்தில் 5,000 பவுண்டுக்கு மேல் என் கைக்கு வராமலே போயிற்று. நடிப்புப் பள்ளியில் குரலுக்கும் உடலுக்கும் பயிற்சி தந்தார்கள், பாத்திரத் தேர்வுக்கு எப்படித் தயாராவது என்று சொல்லித்தந்தார்கள். நடித்த பணம் எந்த வழியாக வருகிறது, அந்த வழியில் அது எங்கே தங்குகிறது, எங்கே தொலையக்கூடும் என்று எவரும் சொல்லவில்லை. இப்போது இந்தத் துறைக்குள் காலடி வைக்கும் நம் பிள்ளைகள் என்னிடம் பேசும்போது கேட்பதெல்லாம் தேர்வுகளைப் பற்றியே இருப்பதால், அவர்கள் கேட்காத இந்த விஷயத்தை எழுதி வைக்க வேண்டும் என்று தோன்றியது.

முதலில் பணம் வரும் ஒழுங்கைச் சொல்கிறேன். ஒரு தொடரில் பாத்திரம் உறுதியானதும், தயாரிப்பு நிறுவனம் நம்மோடு நேரடியாகப் பேசுவதில்லை. முகவரோடு பேசி, தொகையை முடிவு செய்து, ஒப்பந்தத்தை அவருக்கே அனுப்புகிறது. படப்பிடிப்பு முடிந்த பிறகு பணமும் அவருடைய கணக்குக்கே போகிறது. அவர் தன் கமிஷனைக் கழித்துக்கொண்டு மீதியை நமக்கு அனுப்புகிறார். கமிஷன் பொதுவாக 10 முதல் 20 விழுக்காடு வரை இருக்கும். முகவர் வாட் எனப்படும் மதிப்புக்கூட்டு வரிக்குப் பதிவு செய்தவராக இருந்தால் அந்தக் கமிஷனுக்கு மேல் 20 விழுக்காடு வரியும் சேரும். ஒப்பந்தத்தில் 1,000 பவுண்டு என்று எழுதியிருந்தால், 15 விழுக்காடு கமிஷனாக 150 பவுண்டும் அதன் மேல் வரியாக 30 பவுண்டும் போய் நம் கைக்கு 820 பவுண்டு வரும். நாம் சுயதொழில் செய்பவர்களாகக் கருதப்படுவதால் வருமான வரியும் தேசியக் காப்புறுதியும் அந்த 820 பவுண்டிலிருந்து பிறகு நாமே கட்ட வேண்டியவை. ஒவ்வொரு முறை பணம் வரும்போதும் அதில் கால் பங்கைத் தொடாமல் வேறொரு கணக்கில் போட்டுவிடுங்கள். நான் அப்படித்தான் செய்துவந்தேன். பின்னால் வந்த இடியை ஓரளவேனும் தாங்க முடிந்தது அதனால்தான்.

எங்களைப் போன்றவர்களுக்கு நீண்ட காலம் ஓடும் தொடர்களே வாழ்வாதாரம் என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். வாரந்தோறும் புதிய நோயாளிகளும் புதிய குற்றவாளிகளும் தேவைப்படும் தொடர்கள்தாம் அறிமுகமில்லாத நடிகர்களுக்கு வசனம் தந்தன. காவல் நிலையத்தைக் களமாகக் கொண்ட 'தி பில்' 2010 இல் நின்றது. 1999 இல் தொடங்கிய 'ஹோல்பி சிட்டி' 2022 இல் முடிந்தது. பர்மிங்காமில் 2000 முதல் எடுக்கப்பட்டுவந்த 'டாக்டர்ஸ்' 2024 நவம்பரில் விடைபெற்றது. 'ஹாலியோக்ஸ்' வாரத்துக்கு ஐந்து அத்தியாயங்களிலிருந்து மூன்றாகக் குறைந்தது. இவை ஒவ்வொன்றும் ஒரு வாசல். என் தலைமுறை நடிகர்களில் பலரும் தங்கள் முதல் வசனத்தை 'டாக்டர்ஸ்' தொடரில்தான் பேசியிருப்பார்கள். அந்த வாசல்கள் மூடப்படும்போது நடிகர்கள் மட்டும் பாதிக்கப்படுவதில்லை. அவர்களுடைய கமிஷனை நம்பி நடக்கும் சிறிய முகவர் நிறுவனங்களும் சேர்ந்தே தளர்கின்றன என்பது எனக்கு அப்போது உறைக்கவில்லை. 2023 ஜூலையில் தொடங்கி நவம்பர் வரை நீடித்த அமெரிக்க நடிகர் சங்க வேலைநிறுத்தம், இங்கே எடுக்கப்பட்டுவந்த அமெரிக்கத் தயாரிப்புகளையும் நிறுத்தியது. அதே காலத்தில் விளம்பர வருமானம் குறைந்ததால் இங்குள்ள தொலைக்காட்சிகளும் புதிய தொடர்களுக்குப் பணம் ஒதுக்கத் தயங்கின. என் முகவரைப் போன்றவர்களுக்கு அந்த ஆண்டு எப்படி இருந்திருக்கும் என்பதை இப்போது புரிந்துகொள்ள முடிகிறது. புரிந்துகொள்வது வேறு, என் பணத்தை அவர்கள் செலவிட்டதை ஏற்றுக்கொள்வது வேறு.

எனக்கோ 2022 இலையுதிர் காலமும் அடுத்த வசந்தமும் நல்ல காலமாக இருந்தன. ஒரு தொடரில் சில மாதங்களுக்குத் திரும்பத் திரும்ப வரும் பாத்திரம் கிடைத்திருந்தது. விடியற்காலை இருட்டில் வண்டி வந்து ஏற்றிக்கொண்டு போகும். ஒப்பனை முடித்து, சிறு அறையாகப் பிரித்த வாகனத்தில் காத்திருந்து, மாலையில் நாலு வரி பேசிவிட்டுத் திரும்புவேன். அந்த நாலு வரிக்காகக் காத்திருப்பதில் எனக்கு ஒருநாளும் சலிப்பு வந்ததில்லை. தொடர்ந்து வரும் வேலை என்பதால் பணமும் தொடர்ந்து வந்தது. அந்தப் பாத்திரம் கதையிலிருந்து விடைபெற்ற பிறகு, 2023 இன் பிற்பகுதியில் ஒரு துப்பறியும் தொடரிலும் வேறொரு குறுந்தொடரிலும் நடித்தேன். அந்தப் பணத்தில்தான் தாமதம் தொடங்கியது.

முதலில் முகவர் அலுவலகம் சொன்ன காரணம், தயாரிப்பு நிறுவனம் இன்னும் செலுத்தவில்லை என்பது. பிறகு கணக்காளர் விடுமுறையில் இருப்பதாகச் சொன்னார்கள். பிறகு வங்கிக் கணக்கை மாற்றுகிறோம் என்றார்கள். ஒவ்வொரு பதிலும் மரியாதையாகவும் அன்பாகவும் வந்தது. அதற்கு மேல் கேட்க எனக்குப் பயமாக இருந்தது என்பதை மறைக்க விரும்பவில்லை. முகவர் என்பவர் இந்தத் தொழிலில் நமக்கிருக்கும் ஒரே கதவு. பெரும்பாலான பாத்திரங்களுக்கான அழைப்பு, நடிகர்களின் விவரத் தளமான ஸ்பாட்லைட் வழியாக முகவர்களுக்கே போகிறது. அவர் மனம் கோணினால் அடுத்த தேர்வுக்கு நம் பெயரை அனுப்பாமல் விட்டுவிடுவாரோ என்ற எண்ணம் ஒவ்வொரு மின்னஞ்சலை எழுதும்போதும் என் கையைப் பிடித்து நிறுத்தியது. உழைத்த கூலியைக் கேட்கும்போது 'தொந்தரவுக்கு மன்னிக்கவும்' என்று எழுதிய அந்த வாக்கியங்களை இப்போது வாசித்தாலும் நெஞ்சு எரிகிறது.

அந்த நேரத்தில் எவராவது சொல்லியிருந்தால் எனக்குப் பெரிதும் உதவியிருக்கக்கூடிய மூன்று விஷயங்கள் உண்டு. முதலாவது, தயாரிப்பு நிறுவனத்தின் கணக்குப் பிரிவை நாமே தொடர்புகொண்டு, 'என் பணம் செலுத்தப்பட்டுவிட்டதா, எந்தத் தேதியில்?' என்று கேட்கலாம். இதில் மரியாதைக் குறைவு எதுவும் இல்லை. அவர்கள் அநேகமாக அன்றே பதில் சொல்வார்கள். எனக்கு வந்த பதிலில், முகவர் 'இன்னும் வரவில்லை' என்று சொல்லிக்கொண்டிருந்த தொகை பல வாரங்களுக்கு முன்பே அவருடைய கணக்குக்குப் போயிருந்தது தெரிந்தது. இரண்டாவது, வேலைவாய்ப்பு முகமைகள் நடந்துகொள்ள வேண்டிய முறை பற்றி 2003 ஆம் ஆண்டில் இயற்றப்பட்டு 2004 முதல் நடைமுறையில் இருக்கும் விதிகளின்படி, நடிகருக்காகப் பெறும் பணத்தை முகவர் தன் சொந்தச் செலவுப் பணத்தோடு கலக்காமல் தனியான வாடிக்கையாளர் கணக்கில் வைத்திருந்து, பெற்ற 10 நாட்களுக்குள் நடிகருக்குக் கொடுத்துவிட வேண்டும். இந்த விதியை அறிந்த ஒருவர் எழுதும் மின்னஞ்சலுக்கும் கெஞ்சி எழுதும் மின்னஞ்சலுக்கும் கிடைக்கும் பதில்கள் ஒன்றல்ல. மூன்றாவது, நிறுவனங்களைப் பதிவு செய்யும் அரசு அமைப்பான கம்பனிஸ் ஹவுஸின் இணையதளத்தில் எந்த நிறுவனத்தின் பெயரையும் போட்டு இலவசமாகத் தேடலாம். ஆண்டுக் கணக்கு உரிய தேதியில் தாக்கல் செய்யப்பட்டிருக்கிறதா, இயக்குநர்கள் விலகியிருக்கிறார்களா, சொத்துகளின் மேல் கடன் பிணை பதிவாகியிருக்கிறதா என்பதெல்லாம் அங்கே வெளிப்படையாக இருக்கும். என் முகவர் நிறுவனத்தின் கணக்குத் தாக்கல் காலம் கடந்திருந்தது. ஒரு இயக்குநர் முந்தைய கோடையிலேயே விலகியிருந்தார். கால் மணி நேரத்தில் பார்த்துவிடக்கூடிய செய்திகள் இவை.

உண்மை தெரிந்தபோது, அதே நிறுவனத்தில் இருந்த மற்ற நடிகர்களைத் தேடிப் பேசினேன். அதுவரை ஒவ்வொருவரும் தனக்கு மட்டுமே தாமதமாகிறது என்று நினைத்து, வெட்கப்பட்டு வாய் திறக்காமல் இருந்திருக்கிறோம். வாட்ஸ்அப்பில் ஒரு குழு தொடங்கிய அன்று மாலையே, எங்களுக்கு வர வேண்டிய தொகைகளைக் கூட்டிப் பார்த்துத் திகைத்துப்போனோம். இத்தகைய நிறுவனங்கள் தாக்குப்பிடிப்பதற்கு நடிகர்கள் ஒருவரோடொருவர் பணத்தைப் பற்றிப் பேசாமல் இருப்பதே பெரிய உதவி என்பது என் உறுதியான கருத்து. உங்கள் முகவரிடம் இருக்கும் இன்னும் இரண்டு பேரையாவது அறிந்து வைத்திருங்கள்.

நான் நடிகர் சங்கமான ஈக்விட்டியின் உறுப்பினர். 1930 இல் உருவான அந்தச் சங்கம், ஒப்பந்தங்களின் பின்னால் இருக்கும் குறைந்தபட்சக் கட்டணங்களைப் பேசி முடிப்பதோடு, இத்தகைய சிக்கல்களிலும் உறுப்பினர்களுக்குத் துணை நிற்கிறது. அவர்களுடைய அறிவுரைப்படி, முகவர் என் சார்பில் பணம் பெறும் அதிகாரத்தை ரத்து செய்வதாக அவருக்கு எழுத்தில் தெரிவித்து, அதன் பிரதியை எனக்குப் பணம் தர வேண்டிய ஒவ்வொரு தயாரிப்பு நிறுவனத்துக்கும் அன்றே அனுப்பினேன். குறுந்தொடரின் தயாரிப்பாளர் இறுதித் தவணையை அதுவரை செலுத்தியிருக்கவில்லை. கடிதம் கிடைத்ததும் 1,100 பவுண்டு அளவிலான அந்தத் தொகையை நேராக என் கணக்குக்கே அனுப்பிவைத்தார். ஒரு வாரம் தாமதித்திருந்தால் அதுவும் போயிருக்கும். முகவர் கணக்குக்கு ஏற்கெனவே சென்றுவிட்ட பணத்தைத் தயாரிப்பாளரிடம் மீண்டும் கேட்க முடியாது. நம் அதிகாரம் பெற்றவரிடம் கொடுத்ததோடு அவருடைய கடமை தீர்ந்துவிடுகிறது. அதனால்தான் அந்தக் கடிதத்தில் வேகம் இவ்வளவு முக்கியம்.

சில வாரங்களில் நிறுவனம் கலைப்புக்கு, அதாவது இருக்கும் சொத்தை விற்றுக் கடன் கொடுத்தவர்களுக்குப் பங்கிட்டு மூடும் நடவடிக்கைக்குச் சென்றது. நிறுவனம் உயிரோடு இருக்கும்போது 10,000 பவுண்டு வரையிலான தொகைக்குச் சிறு வழக்கு நீதிமன்றத்தில் குறைந்த செலவில் நாமே வழக்குத் தொடரலாம். கலைப்பு தொடங்கிய பிறகு நிலைமை முற்றிலும் மாறிவிடுகிறது. வாடிக்கையாளர் கணக்கில் தனியாக வைத்திருந்த பணம் நடிகர்களுடையது, அது நிறுவனத்தின் சொத்தாகாது. அந்தப் பணம் அங்கே இருந்திருந்தால் எங்களுக்கு வந்திருக்கும். ஆனால் கணக்கில் எஞ்சியிருந்தது மிகச் சொற்பம். மற்றபடி நாங்கள் பிணையில்லாமல் கடன் கொடுத்தவர்கள் என்ற வரிசையில் வைக்கப்பட்டோம். முன்னால் நிற்பவர்கள் பிணை வைத்திருக்கும் வங்கி, பிறகு நிறுவனத்தின் ஊழியர்களுக்குரிய ஊதியத்தின் ஒரு பகுதி, 2020 டிசம்பர் முதல் வாட் போன்ற சில வரிகளுக்காக வரித் துறையும் கூட. என் கூலியிலிருந்து கழித்த கமிஷனுக்கு மேல் விதித்த வரியை அரசு எனக்கு முன்னால் நின்று பெற்றுக்கொள்ளும். அந்தக் கூலியை உழைத்துப் பெற்றவள் கடைசி வரிசையில் நிற்க வேண்டும். இது சட்டம் என்பதை ஏற்கிறேன், நியாயம் என்று ஏற்க என்னால் முடியவில்லை. நடிகரின் பணத்தை முகவர் தொட முடியாதபடி காப்பீடோ உத்தரவாதமோ கட்டாயமாக்கப்பட வேண்டும் என்று அன்று முதல் சங்கக் கூட்டங்களில் பேசிவருகிறேன்.

இதற்கிடையில் வரி வந்தது. இங்கே வரி ஆண்டு ஏப்ரல் 5 இல் முடிகிறது. அந்த ஆண்டின் கணக்கையும் வரியையும் அடுத்த ஜனவரி 31 க்குள் செலுத்த வேண்டும். பலருக்கும் தெரியாத பகுதி, அதோடு சேர்த்து அடுத்த ஆண்டுக்கான முன்பணத்தையும் கேட்பார்கள் என்பது. உங்கள் வரி 3,000 பவுண்டு என்றால், ஜனவரியில் அந்த 3,000 பவுண்டையும் அடுத்த ஆண்டுக்காக 1,500 பவுண்டையும் கட்டி, ஜூலை 31 க்குள் மேலும் 1,500 கட்ட வேண்டும். சென்ற ஆண்டைப் போலவே இந்த ஆண்டும் உழைப்பீர்கள் என்ற கணக்கில் போடப்பட்ட ஏற்பாடு இது. மாதச் சம்பளக்காரருக்கு நெருக்கமாகப் பொருந்தும் அந்தக் கணக்கு, ஒரு நல்ல ஆண்டுக்குப் பின் ஒரு வறண்ட ஆண்டைக் காணும் நடிகருக்குப் பொருந்துவதே இல்லை. 2024 ஜனவரியில் என்னிடம் கேட்கப்பட்ட வரி, நல்ல வருமானம் வந்த ஆண்டுக்குரியது. அதைக் கட்ட வேண்டிய நேரத்தில் வேலையும் இல்லை, வர வேண்டிய பணமும் முகவரிடம் சிக்கியிருந்தது. என் மைத்துனர் கணக்காளர் என்பதால் எனக்கு ஒரு வழி தெரிந்தது. இந்த ஆண்டு வருமானம் குறையும் என்று உறுதியாகத் தெரிந்தால், முன்பணத்தைக் குறைக்கும்படி வரித் துறைக்கு இணையத்திலோ எஸ்.ஏ.303 படிவத்திலோ விண்ணப்பிக்கலாம். அளவுக்கு மீறிக் குறைத்துவிட்டால் பிறகு வட்டி கட்ட வேண்டிவரும் என்பதால் கணக்குப் பார்த்துக் கேட்க வேண்டும். மீதியைத் தவணையாகக் கட்டவும் அவர்களிடம் ஏற்பாடு உண்டு. கடைசித் தேதி கடந்து அபராதம் விழும் வரை காத்திராமல் முன்கூட்டியே பேசினால் தவணைக்கு எளிதாக இணங்குகிறார்கள்.

அந்த மாதங்களை எப்படிக் கடந்தேன் என்பதையும் சொல்கிறேன். மருத்துவ மாணவர்களின் செய்முறைத் தேர்வுகளில் நோயாளியாக நடிக்கும் வேலைக்குப் போனேன். நெஞ்சு வலி என்றோ, கணவர் இறந்த செய்தியை இப்போதுதான் கேட்டவள் என்றோ எழுதித் தந்த குறிப்பை வைத்துக்கொண்டு, ஒவ்வொரு மாணவர் முன்னும் அதே வேதனையை அதே அளவில் திரும்பத் திரும்ப நடிக்க வேண்டும். நேர்மையான, பயனுள்ள வேலை, நடிப்பையும் மழுங்கவிடாது. நடிகர்களுக்கு நான் தயங்காமல் பரிந்துரைக்கும் பக்கத்தொழில் அதுவே. ஆனால் வெளியே சொல்ல முடியாமல் இருந்தது. கோயிலிலும் கல்யாண வீடுகளிலும் 'உங்களை ரிவியில் பார்த்தோம்' என்று ஆசையோடு கையைப் பிடிப்பவர்களிடம், அந்தக் காட்சிக்கான பணம் இன்னும் வரவில்லை என்று எப்படிச் சொல்வது? பழைய காட்சி மறுபடி ஒளிபரப்பாகும் ஒவ்வொரு முறையும் நான் புதிதாகச் சம்பாதிப்பதாக உறவினர்கள் நினைத்தார்கள். அம்மாவிடம் கூட நீண்ட நாட்கள் சொல்லவில்லை. சொன்ன அன்று அவர் திட்டவும் இல்லை, வேலையை விடு என்று சொல்லவும் இல்லை. 'ஒப்பந்தக் கடதாசி எல்லாம் உன் கையில் இருக்கா பிள்ளை?' என்று மட்டும் கேட்டார். காணி உறுதியைப் பத்திரமாக வைத்திருந்து நாடு கடந்து வந்தவருக்கு எது முக்கியம் என்று உடனே தெரிந்திருக்கிறது.

மறுஒளிபரப்புப் பணம் பற்றி உறவினர்கள் நினைத்தது முழுதும் தவறும் அல்ல. சங்கத்தின் ஒப்பந்தங்களின் கீழ் நடித்த வேலைகளுக்கு, மறுஒளிபரப்புக்காகவும் வெளிநாட்டு விற்பனைக்காகவும் பின்னாளில் சிறுசிறு தொகைகள் வருவதுண்டு. சில பவுண்டுகளாக வரும், சில சமயம் ஒரு மாத வீட்டு வாடகைக்கு உதவும் அளவிலும் வரும். முகவர் போய்விட்ட பிறகும் அந்தப் பணம் பழைய முகவரின் பெயருக்கே அனுப்பப்படும் ஆபத்து இருக்கிறது. ஆகவே முகவரை விட்டு விலகும்போதோ அவர் மூடும்போதோ, சங்கத்துக்கும் தொலைக்காட்சி நிறுவனங்களின் கட்டணப் பிரிவுகளுக்கும் உங்கள் புதிய விவரங்களை ஒவ்வொன்றாக எழுதித் தெரிவியுங்கள். உறுப்பினரைக் கண்டுபிடிக்க முடியாமல் தேங்கிக் கிடக்கும் தொகைகளும் சங்கத்திடம் உண்டு. உங்கள் பெயரில் ஏதாவது இருக்கிறதா என்று கேட்டுப் பாருங்கள். ஐரோப்பிய நாடுகளில் நிகழ்ச்சிகளைத் தனிப்பயனுக்கு நகலெடுப்பதற்காகவும் வாடகைக்கு விடுவதற்காகவும் வசூலிக்கப்படும் நடிகர் பங்கை பெக்ஸ் என்ற அமைப்பு திரட்டித் தருகிறது. அது முகவர் வழியாக அல்லாமல் நேராக நம் கணக்குக்கே வருவதால், அந்த இருண்ட ஆண்டில் எனக்கு எவ்விதக் கவலையும் தராமல் வந்த ஒரே பணம் அதுதான். ஓய்வூதியத்தையும் மறந்துவிடாதீர்கள். சங்கத்தின் ஓய்வூதியத் திட்டத்தில் நாம் சேர்ந்து நம் பங்கைச் செலுத்தினால், பி.பி.சி., ஐ.டி.வி. போன்ற நிறுவனங்களும் தம் பங்கைச் சேர்க்கின்றன.

இப்போது இருக்கும் முகவரைச் சந்தித்தபோது, என்னை எந்தப் பாத்திரங்களுக்கு அனுப்புவீர்கள் என்பதற்கு முன்பாக, நடிகர்களின் பணத்தைத் தனிக் கணக்கில் வைத்திருக்கிறீர்களா, வந்த எத்தனை நாட்களில் அனுப்புவீர்கள், ஒவ்வொரு தொகையோடும் தயாரிப்பாளர் செலுத்திய தேதியைக் காட்டும் விவரச் சீட்டு தருவீர்களா என்று கேட்டேன். அவர் முகம் சுளிக்கவில்லை. கணக்கின் பெயரையும் வங்கியையும் எழுதித் தந்தார், ஒவ்வொரு ஒப்பந்தத்தின் பிரதியும் கையெழுத்தான அன்றே எனக்கு வர வேண்டும் என்பதையும் உடன்படிக்கையில் சேர்த்தார். இந்தக் கேள்விகளுக்கு ஒருவர் கோபப்பட்டால் அங்கிருந்து எழுந்து வந்துவிடுங்கள். பதிவுக்கென்றோ படம் எடுப்பதற்கென்றோ முன்பணம் கேட்பவர்களிடம் அதுவரை கூட உட்கார்ந்திருக்க வேண்டாம்.

கலைப்பு நடவடிக்கை இன்னும் முற்றாக முடியவில்லை. பவுண்டுக்குச் சில பென்சு வீதம் கிடைக்கக்கூடும் என்று கடைசியாக வந்த கடிதம் சொல்கிறது. இதை வாசிப்பவர்களில் எவராவது இப்போது அதே நிலையில் இருந்தால், நிறுவனத்தின் கலைப்பு அதிகாரி யார் என்பதைக் கம்பனிஸ் ஹவுஸ் பதிவில் பார்த்து, கடன் உரிமைப் படிவத்தை உடனே கேட்டு வாங்குங்கள். ஒப்பந்தம், நடித்த தேதிகளைக் காட்டும் படப்பிடிப்பு அட்டவணை, தயாரிப்பாளர் பணம் செலுத்தியதை உறுதிசெய்யும் மின்னஞ்சல் ஆகிய மூன்றையும் இணைத்து, அவர் குறிப்பிடும் கடைசித் தேதிக்கு முன் அனுப்பிவிடுங்கள். அந்தத் தேதிக்குள் பதியாதவர்களை விட்டுவிட்டே பணம் பங்கிடப்பட்டுவிடக்கூடும். எங்கள் குழுவிலேயே, வெளிநாட்டுப் படப்பிடிப்பில் இருந்ததால் கடிதம் காணாத ஒருவருக்காக மற்றவர்கள் சேர்ந்து அதிகாரியிடம் பேசி அவகாசம் பெற வேண்டியிருந்தது.